விட்டுப்போன ஒற்று

ஜூன் 2, திங்கள்

இவருடைய போனின் முதுகு வீங்கிவிட்டது. மேசைமேல் வைத்தால் தொட்டில் மாதிரி ஆடுகிறது. பேட்டரி ஊதியிருக்கிறது, பக்கத்தில் வைத்துக்கொண்டு தூங்காதீர்கள் என்று செல்போன் கடை இருதயராஜ் சொல்லி ஒரு வாரம் ஆகிறது. புதிது வாங்கலாம் என்றால் மனிதர் பிடி கொடுக்கமாட்டேன் என்கிறார்.

“ஆட்டம் போயிருமே குணா.”

ஆட்டமாம். ஒரே மாதிரிப் பழங்களை மூன்று சேர்த்தால் பட்டென்று வெடிக்கும். அதில் 1412-ஆம் கட்டத்தில் இருக்கிறார். நூல் மில்லில் முந்நூறு பேரை மேய்த்த சூப்பர்வைசர், அறுபத்தொன்பது வயதில் நாவற்பழத்தை நகர்த்திக்கொண்டு உட்கார்ந்திருக்கிறார். கேட்பவர்களுக்கு நான் என்ன சொல்வது?

நான் தலைமையாசிரியையாக ஓய்வு பெற்றபோது மிச்சமான பாடக்குறிப்பு நோட்டுகள் பதினான்கு இருந்தன. அதில்தான் இதை எழுதிவருகிறேன். இது ஒன்பதாவது.

ஜூன் 3, செவ்வாய்

காலையில் ரேஷன். பாமாயில் இல்லை.

இவருக்கு வியாழக்கிழமை கண்ணில் புரை எடுக்கிறார்கள். இவர் பேச்சைக் கேட்காமல் புதுப் போனும் வாங்கியாயிற்று. இவருடைய பழைய போனை ஞாயிறுதோறும் நான் பார்ப்பது வழக்கம். யார் கூப்பிட்டது, யார் செய்தி அனுப்பியது எல்லாம். ஒளிவுமறைவு இல்லாத குடும்பத்தில் இது ஒன்றும் தப்பில்லை. ஆட்டத்தை மட்டும் நான் திறந்து பார்த்ததில்லை. பழத்துக்குள் என்ன இருக்கப்போகிறது?

இந்த வீட்டில் நாங்கள் இரண்டே பேர். மூன்றாவது ஆளைப் பற்றி யாராவது கேட்டால் நான் எழுந்து உள்ளே போய்விடுவேன். ஆறு வருடத்துக்கு முன்னால் தலை முழுகியாயிற்று. இவரையும் கிணற்றடியில் உட்காரவைத்து நானே நாலு குடம் ஊற்றினேன்.

ஜூன் 5, வியாழன்

ஆபரேஷன் இருபது நிமிடம்தான். பத்து நாளைக்குப் போனைப் பார்க்கவே கூடாது என்றார் டாக்டர். இவர் முகம் போன போக்கைப் பார்க்க வேண்டுமே.

ஆட்டோவில் வரும்போது என் கையைப் பிடித்துக்கொண்டார். கட்டுப் போட்ட கண்ணோடு என் பக்கம் திரும்பி, “குணா, ஒரே ஒரு ஒதவி. ஆட்டத்த மட்டும் புதுப் போனுக்கு மாத்திக் குடுத்துரு. நீ தொறந்து பாக்க வேணாம். கடையில குடுத்தா அவரே மாத்திருவாரு” என்றார்.

“தொறந்தா என்ன, கடிச்சிருமா?”

“இல்ல, எசகுபெசகா எதையாவது தொட்டுட்டா எல்லாம் போயிரும். நாலு வருசம் குணா.”

முப்பத்தெட்டு வருட வாழ்க்கையில் இவர் என்னிடம் இப்படிக் கெஞ்சியது இதற்கு முன் ஒரே ஒரு தடவைதான். கிணற்றடியில்.

ஜூன் 7, சனி

இருதயராஜ் கடைக்குப் போனேன். புதுப் போனில் ஆட்டத்தை நானே இறக்கி, என் கையாலேயே ஒரு கணக்கும் தொடங்கித் திறந்து வைத்திருந்தேன். அதைப் பார்த்து அவர் தலையைச் சொறிந்தார்.

“அவசரப்பட்டுட்டீங்களே டீச்சர். சார் இதுவரைக்கும் கணக்கே தொடங்கல. விருந்தினர்னு போட்டே விளையாடியிருக்காரு. விருந்தினரா விளையாடினா எல்லாம் அந்தப் போனுக்குள்ளதான் கிடக்கும். போன் போச்சுன்னா அதுவும் போச்சு. இப்ப பழைய போனை உங்க கணக்கோட இணைச்சா ஒரு கேள்வி வரும். கட்டம் 1412, கட்டம் 1, எதை வச்சுக்கணும்னு. 1412-ஐத் தொடணும். ஒண்ணைத் தொட்டீங்கன்னா பழசு அழிஞ்சிரும். ஆண்டவனே வந்தாலும் திருப்பித் தர முடியாது.”

“இங்க குடுங்க, நானே செஞ்சிடறேன்” என்றார். வேண்டாம், வீட்டில் பார்த்துக்கொள்கிறேன் என்று வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன். நாற்பது பிள்ளைகளை வைத்துச் சமாளித்தவளுக்கு ஒரு பொத்தானை அமுக்கத் தெரியாதா?

சொந்த வீட்டில் உட்கார்ந்துகொண்டு நாலு வருடம் விருந்தினராக விளையாடியிருக்கிறார். அதுதான் எனக்கு ஆறவில்லை.

ஜூன் 8, ஞாயிறு

திறந்து பார்த்தேன்.

ஆட்டத்துக்குள்ளேயே பேசிக்கொள்ள ஓர் இடம் இருக்கிறது. நண்பர் என்று ஒரே ஒரு ஆள். பெயர் முயல்குட்டி. ஆட்டத்தில் தோற்றால் ஓர் உயிர் போகும். ஐந்தும் போய்விட்டால் சும்மா உட்கார்ந்திருக்க வேண்டும், அல்லது நண்பரிடம் உயிர் கேட்க வேண்டும். இவரும் அந்த முயல்குட்டியும் நாலு வருடமாகத் தினமும் உயிர் அனுப்பிக்கொள்கிறார்கள். கூடவே பேச்சு. கடைசியாகப் பேசியதை அப்படியே எழுதுகிறேன்.

முயல்குட்டி: கண்ணு ஆபரேஷன் என்னைக்குப்பா?

இவர்: வியாழன்.

முயல்குட்டி: பயப்படாதீங்க. பாப்பாவ பத்தி ஒண்ணு சொல்லட்டா? ரெண்டாவது பல்லு வந்துருச்சு.

இவர்: ஒன்ன மாதிரியே முன்பல்லா?

முயல்குட்டி: ஆமா. அம்மாவுக்கு முட்டி எப்படி இருக்கு? தைலம் தேக்க சொல்லுங்க.

இவர்: தேச்சுக்கறா. என்கிட்ட காட்டிக்க மாட்டா.

முயல்குட்டி: ஒரு நாள் அவங்கள பாக்கணும்ப்பா. சரி சமைக்க போறேன்.

நாலு இடத்தில் ஒற்று இல்லை. பாப்பாவப் பத்தி. தேக்கச் சொல்லுங்க. அவங்களப் பாக்கணும். சமைக்கப் போறேன். இந்தப் பிழையை நான் ஒரு நோட்டில் பார்த்திருக்கிறேன். நூறு தடவை எழுத வைத்தேன், முட்டி போட வைத்தேன், ஸ்கேலால் புறங்கையில் கூட வைத்தேன். ஆறாம் வகுப்பிலிருந்து பன்னிரண்டாம் வகுப்புவரை திருந்தவே இல்லை.

யாரோ ஒருத்தி. மில்லில் வேலை பார்த்த பெண்கள் எல்லாருமே இவரை அப்பா என்றுதான் கூப்பிடுவார்கள். அதற்குமேல் இதைப் பற்றி எழுத எதுவும் இல்லை.

இரண்டாவது பல் என்றால் ஒன்பது, பத்து மாதம் இருக்கும்.

ஜூன் 9, திங்கள்

ஒன்றும் ஓடவில்லை. குழம்பில் உப்பு இரண்டு தடவை போட்டுவிட்டேன். இவர் ஒரு வார்த்தை சொல்லாமல் சாப்பிட்டார். “மாத்திட்டியா குணா?” என்று மட்டும் மூன்று தடவை கேட்டார்.

நாலு வருடம் என்னோடு ஒரே கூரைக்குக் கீழ் இருந்துகொண்டு, எனக்கு முன்னால் நாற்காலியில் உட்கார்ந்துகொண்டே, நாவற்பழத்தைத் தள்ளுகிற மாதிரி பாவனை செய்துகொண்டு! நான் ஞாயிறுதோறும் போனை எடுக்கும்போது இவர் தாராளமாக நீட்டுவாரே, அந்தத் தாராளம் எங்கிருந்து வந்தது என்று இப்போது தெரிகிறது.

ஜூன் 10, செவ்வாய்

காலை பதினோரு மணி. இவர் கறுப்புக் கண்ணாடியோடு ரேடியோ கேட்டுக்கொண்டிருந்தார். நான் சாப்பாட்டு மேசையில் இரண்டு போனையும் வைத்துக்கொண்டு உட்கார்ந்தேன்.

பழைய போனில் ஒரு செய்தி மேலே வந்து நின்றது. ‘முயல்குட்டி உங்களுக்கு ஒரு உயிர் அனுப்பியிருக்கிறார்.’ ஓர் உயிர் என்று வரவேண்டும்.

இணைத்தேன். இருதயராஜ் சொன்ன கேள்வி வந்தது. இடது பக்கம் 1412, வலது பக்கம் 1. 1-ஐத் தொட்டேன். பழைய முன்னேற்றம், நண்பர், செய்திகள் அனைத்தும் நிரந்தரமாக அழிக்கப்படும், சம்மதமென்றால் ‘உறுதி’ என்று தட்டச்சு செய்யவும் என்று கேட்டது. கை தவறிவிட்டது என்று சொல்ல வழியே வைக்காமல் கேட்கிறான். தட்டச்சு செய்தேன்.

பழைய போனைச் சாயங்காலமே இருதயராஜ் கடையில் கழிவுக்குக் கொடுத்துவிட்டேன். வீங்கின பேட்டரியை வீட்டில் வைத்திருப்பது ஆபத்து.

ஜூன் 15, ஞாயிறு

டாக்டர் சொன்ன பத்து நாள் இன்றோடு முடிந்தது. இவர் குளித்து, விபூதி பூசி, புதுப் போனைக் கையில் வாங்கினார். நான் முருங்கைக்கீரை உருவிக்கொண்டிருந்தேன்.

“குணா, இது ஒண்ணுன்னு காட்டுதே.”

“கடைக்காரர் எதையோ தப்பாத் தொட்டுட்டார் போல” என்றேன்.

இவர் கத்தவில்லை. போனைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். அணைத்துவிட்டுத் திரும்பவும் போட்டார். பிறகு சட்டையை மாட்டிக்கொண்டு, வெயிலில், அந்தக் கண்ணோடு, இருதயராஜ் கடைக்கு நடந்தே போய்விட்டு வந்தார். ஞாயிற்றுக்கிழமையும் அந்த மனிதர் கடையைத் திறந்து வைத்திருக்கிறார். திரும்பி வந்ததும் என்னை ஏறிட்டுப் பார்த்தார். நான் தட்டைப் போட்டேன். கீரை நன்றாக வந்திருந்தது.

ஜூன் 16, திங்கள்

சாப்பாடு பாதி. ஆட்டம் முழு நேரம்.

இருபதாவது கட்டம் தாண்டினால்தான் ஆளைப் பெயர் சொல்லித் தேடலாமாம். அதற்காகக் கண்ணில் தண்ணீர் வடிய வடிய விளையாடுகிறார். ஐந்து உயிரும் தீர்ந்தால் சுவரைப் பார்த்துக்கொண்டு அரை மணி உட்கார்ந்திருக்கிறார். போன் நம்பரோ விலாசமோ வாங்கி வைத்துக்கொள்ளவில்லை போலிருக்கிறது. என் கையில் கிடைத்துவிடும் என்ற பயம். பயம் நியாயமானதுதான். அவள் தன் இஷ்டத்துக்குக் கல்யாணம் பண்ணிக்கொண்டு போன புதிதில், வேலை பார்த்த இடம் தெரிந்து நான் நேரில் போனேன், வாசலில் நின்று நாலு வார்த்தை கேட்டேன். மறுவாரமே அந்த வேலை போய்விட்டது என்று காதில் விழுந்தது. பெற்றவள் கேட்காமல் வேறு யார் கேட்பது?

ஜூன் 18, புதன்

இவர் இருபதைத் தாண்டிவிட்டார். முயல்குட்டி என்று தேடினால் நூறு முயல்குட்டி வருகிறது. ஒவ்வொருவருக்கும் விண்ணப்பம் போட்டுக்கொண்டிருக்கிறார்.

இது இப்படியே போனால் ஒரு நாள் அகப்பட்டுவிடும். ஒரேயடியாக முடித்துவிடுவது நல்லது. என் போனில் ஆட்டத்தை இறக்கினேன். எனக்கும் இருபது தாண்ட வேண்டுமாம். சமையலறையில் பருப்பு வேகும் நேரத்தில் விளையாடுகிறேன். ஒன்றும் பிரமாதமில்லை, கணக்குப் போட்டு நகர்த்தினால் வந்துவிடுகிறது.

ஜூன் 20, வெள்ளி

இருபத்திரண்டாவது கட்டம். பெயர் என்று கேட்ட இடத்தில் முயல்குட்டி என்று போட்டேன். இவருக்கு நண்பர் விண்ணப்பம் அனுப்பினேன்.

முன் அறையில் டம்ளர் விழுந்த சத்தம் கேட்டது. “குணா!” என்று கூப்பிட்டார். “என்னங்க?” என்றேன். “ஒண்ணுமில்ல, தண்ணி கொட்டிருச்சு” என்றார். குரலில் அப்படி ஒரு குழைவு. அதைக் கேட்டு எத்தனை வருடம் ஆகிறது!

முதலில் ஒற்றை விட்டுவிட்டுத்தான் எழுதப் பார்த்தேன். விரல் ஒப்பவில்லை. ஒரு த், ஒரு க். நூல் எண்ணிக்கொண்டிருந்தவருக்கு அதெல்லாம் எங்கே தெரியப்போகிறது? எழுதி அனுப்பினேன்: “அப்பா, உங்களைத் தேடிக்கொண்டே இருந்தேன். எப்படி இருக்கீங்க?”

ஐந்து நிமிடம் பதில் இல்லை. எட்டிப் பார்த்தேன். போனை மடியில் வைத்துக்கொண்டு அதையே பார்த்துக்கொண்டிருந்தார். சந்தோஷம் தாங்கவில்லை போல. பிறகு வந்தது.

“நல்லா இருக்கேம்மா. நீ சாப்டியா?”

மணி மூன்று. நான் இன்னும் சாப்பிட்டிருக்கவில்லை. இல்லை என்றே எழுதினேன்.

“மொதல்ல போய் சாப்டு. எனக்காக யாரும் பட்டினி கெடக்க வேணாம்.”

போய்ச் சாப்பிட்டேன்.

ஜூன் 22, ஞாயிறு

பாப்பா என்ன செய்கிறாள் என்று கேட்டார். நான் என்னத்தைக் கண்டேன்? சுவரைப் பிடித்துக்கொண்டு நிற்கிறாள் என்றேன். தயிர் என்றால் வாயைத் திறக்கிறாள், ரசம் என்றால் துப்புகிறாள் என்றேன். முடி சுருட்டை, எண்ணெய் வைத்தாலும் அடங்கவில்லை. எடுத்தால் இடுப்பில் ஒட்டிக்கொள்கிறாள், இறக்கிவிட விடமாட்டேன் என்கிறாள். எழுத எழுத வந்துகொண்டே இருந்தது. பால் பொங்கி அடுப்பெல்லாம் வழிந்துவிட்டது.

“அம்மா பாத்தா பாப்பாவ கீழ விடமாட்டா” என்று எழுதினார்.

“அவர்களுக்குத்தான் நான் செத்துப்போனேனே” என்றேன்.

“அவளுக்கு கோவம் இல்லம்மா. பயம். நாலு பேரு முன்னாடி தல குனிஞ்சிருமோன்னு பயம். குனிஞ்சா பக்கத்துல நான் இருக்கேன்னு அவளுக்கு தெரியல. நானும் சொன்னதில்ல. என் தப்புதான்.”

போனைக் கவிழ்த்து வைத்துவிட்டேன். துணி காயப்போட வேண்டியிருந்தது.

ஜூன் 24, செவ்வாய்

தினமும் ஓர் உயிர் அனுப்புகிறார். நானும் அனுப்புகிறேன். அது ஆட்டத்தின் முறை.

இன்று முட்டி வலி எப்படி என்று என்னை நேரில் கேட்டார். பரவாயில்லை என்றேன். தைலத்தை எடுத்து வந்து என் பக்கத்தில் வைத்துவிட்டுப் போனார்.

ஜூன் 26, வியாழன்

இவர் எழுதியது: “ஞாயித்துக்கெழம பாப்பாவ கூட்டிக்கிட்டு வீட்டுக்கு வாயேன். அம்மா ஒண்ணும் சொல்லமாட்டா. எனக்கு தெரியும். நீ வரேன்னு ஒரு வார்த்த மட்டும் சொல்லு. மத்தத நான் பாத்துக்கறேன். யோசிச்சு சொல்லு, அவசரமில்ல.”

என்ன பதில் எழுதுவது? முடித்துவிடத்தானே இதைத் தொடங்கினேன்?

ஜூன் 27, வெள்ளி

பதில் எழுதவில்லை. இவர் நாள் முழுவதும் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் அரிசி களைந்தாலும் பார்க்கிறார், பூ தொடுத்தாலும் பார்க்கிறார். “என்ன வேணும்?” என்று எரிந்து விழுந்தேன். “ஒண்ணும் வேணாம் குணா. நீ சொல்லு” என்றார்.

நான் சொல்ல என்ன இருக்கிறது?

ஜூன் 28, சனி

காலை பத்து மணிக்கு எழுதி அனுப்பினேன். பிரதி:

“வரமாட்டேன் அப்பா. அந்த வீட்டுக்கு இனி ஒருநாளும் வரமாட்டேன். உங்களையும் பார்க்கப் பிடிக்கவில்லை. என்னைத் தேடாதீர்கள்.”

கதவோரம் நின்று இவர் படிப்பதைப் பார்த்தேன். அழுவார் என்று நினைத்தேன். அழவில்லை. இரண்டு தடவை படித்தார். கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். பிறகு எழுந்து வந்து, தன் காப்பி டம்ளரைத் தானே கழுவிக் கவிழ்த்துவிட்டு, “நாளைக்கு கண்ணாஸ்பத்திரிக்கு போயிட்டு வரேன் குணா” என்றார். ஞாயிற்றுக்கிழமை ஆஸ்பத்திரி ஏது என்று எனக்குத் தோன்றியது. கேட்கவில்லை.

ஜூன் 29, ஞாயிறு

காலை ஆறரைக்குக் கிளம்பினார். மஞ்சள் பையில் ஒரு வேட்டி, சட்டை. ஆஸ்பத்திரிக்கு எதற்கு வேட்டி? மத்தியானம் வரவில்லை. கூப்பிட்டேன், போன் அணைத்திருந்தது. மூன்று மணிக்கு ஆட்டத்தைத் திறந்தேன். காலையிலேயே எழுதி வைத்திருக்கிறார்.

“டீச்சர், முயல்குட்டிக்கு ஒத்து போட வராது. நீ அவள அடிச்ச அடி எனக்கு மறக்குமா. தேடிக்கொண்டே, உங்களைத் தேடின்னு நீ எழுதுன மொத வரியிலயே தெரியும். அப்பவே சொல்லியிருக்கலாம். ஆனா நீ பாப்பாவ பத்தி எழுதுன பாரு, சுருட்ட முடி, தயிரு, அத படிச்சதும் சரி, இவ வாயாலயே கூப்புட்டுருவான்னு காத்திருந்தேன். வான்னு ஒரு வார்த்த போதும். யாருக்கும் தெரியாம, அவ பேருலயாவது சொல்லியிருக்கலாம். வரமாட்டேன்னு எழுதிட்ட. பிழை ஒண்ணும் இல்ல. பத்துக்கு பத்து.

அவ இருக்கறது ஓசூருன்னு தெரியும். தெரு தெரியாது. விசாரிச்சுக்கறேன். கண்ணுக்கு ஊத்தற மருந்து எடுத்துக்கிட்டேன். தைலம் உன் தலகாணி கிட்ட இருக்கு.”

பத்துக்குப் பத்து என்று வரவேண்டும். ஒரு ப் விட்டுவிட்டார். வழக்கமாகச் சிவப்பு மசியால் திருத்துவேன். இதில் திருத்த வழியில்லை.

ஜூலை 2, புதன்

போன் இன்னும் அணைத்தே இருக்கிறது.

அவள் பெயர் பூங்கோதை. நான்தான் வைத்தேன். இங்கே எழுதி வைக்கிறேன், ஒன்பது நோட்டிலும் எங்கேயும் இல்லை.

அந்தக் கண்ணோடு ஓசூரில் எந்தத் தெருவில் நின்று யாரிடம் கேட்டுக்கொண்டிருக்கிறாரோ. அங்கே அவள் 1412-இல் இருந்த அப்பாவுக்கு இன்னமும் தினமும் உயிர் அனுப்பிக்கொண்டிருப்பாள். அது எங்கே போய்ச் சேரும் என்று இருதயராஜிடம் கேட்டேன். “எங்கயும் போவாது டீச்சர்” என்று சொல்லிவிட்டு வேறு பக்கம் திரும்பிக்கொண்டார்.

ஜூலை 6, ஞாயிறு

காலையிலிருந்து விளையாடினேன். முப்பத்தொன்றாவது கட்டம் வரவே இல்லை. ஐந்தும் போய்விட்டது. நண்பரிடம் உயிர் கேட்கவா என்று ஆட்டம் கேட்டது. என் பட்டியலில் இருக்கும் ஒரே நண்பர் இவர்தான்.

ஓர் உயிர் கேட்டு அனுப்பினேன். கூடவே ஒரு வரி எழுதினேன்: ‘பாப்பாவ கூட்டிட்டு வாங்க.’ ஒற்று போடவில்லை.

இன்னும் படிக்கப்படவில்லை என்று காட்டுகிறது.